நாலாம் முறை கேட்டபோது

சந்திரகலா அலுமாரியிலிருந்து அந்தக் கோட்டை இழுத்தெடுத்தபோது அதன் காலரில் மைக் குத்தும் சின்னக் கவ்வி ஒன்று இன்னும் கொழுவியிருந்தது. போன வருடம் ஜூலையில் படப்பிடிப்புக்கு வந்தவர்கள் மறந்துவிட்டுப் போனது. அதைக் கழற்றத் தொடங்கிப் பாதியில் விட்டுவிட்டாள். விரல்களில் அதற்குக்கூடத் தெம்பில்லை. ஐந்து மாதம் வீடும் ஆஸ்பத்திரியுமாக அலைந்த உடம்பு. இனி அலைய வேண்டாம் என்று தெரிந்த பிறகு மொத்தமாக விழப் பார்த்தது.

"அம்மா, கோட்டா வேட்டியா? கெதியா டிசைட் பண்ணுங்கோ. பன்னிரண்டு மணிக்கு முதல் அப்பாவின்ரை உடுப்பு பியூனரல் ஹோமுக்குப் போகோணுமாம்."

நிவேதிகா அறை வாசலில் நின்றாள். ஒரே மகள். ஒரு கையில் லாப்டொப், மறு கையில் போன். செவ்வாய்க்கிழமை விடிய அப்பா கண்ணை மூடியதிலிருந்து இந்த வியாழன் வரைக்கும் அவள் அழவும் இல்லை, ஓரிடத்தில் இருக்கவும் இல்லை.

"வேட்டி" என்றாள் சந்திரகலா.

"அப்பாவை எல்லாரும் இந்தக் கோட்டோடதானே கண்டிருக்கினம்."

"எல்லாரும் எண்டால் ஆர்? டீவி பாக்கிற வெள்ளையளோ?"

"ஓகே, ஓகே. வேட்டி."

கோட்டைத் திரும்பக் கொழுவவும் மனம் வரவில்லை. கட்டிலில் அவர் படுக்கிற பக்கமாகவே போட்டுவிட்டு அதற்குப் பக்கத்தில் இருந்தாள்.

மண்ணிறக் கோட். பதினொரு படத்தில் இதே கோட்தான். சச்சிதானந்தன் முப்பத்தொரு வருடம் பல்கலைக்கழகத்தில் வரலாறு படிப்பித்தவர். பாக்கு நீரிணையில் ஓடிய சின்னத் தோணிகள் என்ன ஏற்றின, எங்கே இறக்கின, எந்தத் துறையில் எந்த அதிகாரி அவர்களைக் கள்ளர் என்று எழுதி வைத்தான் என்றெல்லாம் தோண்டித் துருவி இரண்டு தடித்த புத்தகம் போட்டவர். அந்த இரண்டையும் வாங்கிய ஆட்களை ஒரு பஸ்ஸில் ஏற்றினால் சீட் மிஞ்சும். அப்படியிருக்க, ஓய்வுபெறுகிற காலத்தில் யாரோ ஒரு டொக்கியுமென்ரரிக்காரன் அவரைக் கண்டுபிடித்துவிட்டான். கடற்கொள்ளையர் படம் என்றால் புத்தக அலுமாரிக்கு முன்னால் இருந்து கதைக்க ஒரு நிபுணர் வேண்டும்தானே. அந்தக் கதிரை இவருக்குக் கிடைத்தது. அதற்குப் பிறகு அடுத்தவன் வந்தான், அவனுக்கு அடுத்தவனும் வந்தான்.

இரண்டு மணித்தியாலம் கேள்வி கேட்பார்கள். படத்தில் வருவது நாற்பது செக்கன். "உண்மையில் விஷயம் அதைவிடக் கொஞ்சம் சிக்கலானது" என்று ஒவ்வொரு படத்திலும் தொடங்குவார். சிக்கல் வாயிலிருந்து வருவதற்கு முதல் வெட்டிவிட்டு, வாளையும் கறுப்புக் கொடியையும் காட்டுவார்கள். மனுசன் சோபாவில் இருந்து பல்லைக் கடிப்பார். ஆனால் சும்மா சொல்லக்கூடாது, அவருக்கு அது பிடித்தும் இருந்தது. மீன்கடை வியட்நாம்காரன் "ஹலோ பைரட்!" என்று கை காட்டினால், அன்றைக்குக் குசினி வரைக்கும் வந்து அதைச் சொல்லிவிட்டுத்தான் மற்ற அலுவல். முப்பத்தொரு வருடம் படிப்பித்தபோது ஒருவரும் தெருவில் கை காட்டவில்லையே!

போன் அடித்தது. வரதராஜா. மெல்பேணில் ரோவில் பக்கத்துத் தமிழருக்குள் யார் செத்தாலும் முதல் தகவல் இவருக்குத்தான். மண்டபம், ஐயர், பூ, சாம்பல் எடுக்கிற திகதி எல்லாம் விரல்நுனியில். பின்னால் ஆட்கள் அவரைச் 'சுடலைச் செக்கரட்டரி' என்பார்கள். முன்னால் சொல்ல முடியாது, எல்லாருக்கும் ஒருநாள் அவர் தேவை.

"கலா அக்கா, மரண அறிவித்தல் இண்டைக்கு இணையத்திலை ஏத்தோணும். பெறாமகன் எண்டு யதுஷன்ரை பேரைப் போடுறதோ, விடுறதோ?"

"ஏன் விடோணும்?"

"இல்லை... பேரைப் போட்டிட்டு ஆள் வராட்டில் சனம் கதைக்கும். கொள்ளி ஆர் வைக்கிறதெண்டு ஐயரும் கேக்கிறார். சனிக்கிழமை பத்து மணிக்கு ஹோல். ஒண்டரைக்கு அடுத்த ஆக்களுக்குக் குடுக்கோணும். ஆள் இல்லையெண்டால் சொல்லுங்கோ, நான் வேறை ஒழுங்கு பாக்கிறன்."

"பேரைப் போடுங்கோ. மற்றதைப் பின்னேரம் சொல்லுறன்."

"நான் வைக்கிறன்" என்றாள் நிவேதிகா, கேட்டுக்கொண்டிருந்துவிட்டு. "வை நொட்? நான்தானே பிள்ளை."

"நீ வைக்கலாம். ஆனால் அவர் கேட்டது யதுவை."

கேட்டது போன வெள்ளிக்கிழமை. மோர்பீன் ஊசிக்கும் அடுத்த ஊசிக்கும் இடையில் கொஞ்சம் தெளிவாக இருந்த நேரம். "கொள்ளி யது வைக்கட்டும். வற்புறுத்தக் கூடாது. கேட்டுப் பாரும்" என்றார். அதற்குப் பிறகு தண்ணீர் கேட்டதைத் தவிர அவர் ஒழுங்காகக் கதைத்த வசனம் இல்லை. நாற்பது வருடம் குடும்பம் நடத்தியவளிடம் விட்டுவிட்டுப் போன ஒரேயொரு அலுவல்! அதைச் செய்து முடிக்காமல் எப்படித்தான் படுக்கிறது?

யதுஷன் சச்சிதானந்தனின் ஒரே தம்பியின் மகன். தம்பி 2009இல் கடைசிச் சண்டைக்குள் அகப்பட்டுப் போய்விட்டார். உடம்பு கிடைக்கவில்லை. யதுஷன் மனைவியையும் மகளையும் வவுனியாவில் விட்டுவிட்டு, மூன்று வருடம் கழித்துப் படகேறினான். பத்தொன்பது நாள் கடல். பிறகு கிறிஸ்மஸ் தீவில் தடுப்பு முகாம். போன ஒக்டோபரில் பிறிட்ஜிங் விசா என்ற தற்காலிக அனுமதி ஒன்றைக் கையில் கொடுத்து மெல்பேணில் விட்டபோது, ரோவில் வீட்டின் பின்னறைக்குத்தான் வந்தான்.

ஐந்து கிழமை இருந்தான். வேலியைத் திருத்தினான், புல்லு வெட்டினான், சனிக்கிழமைகளில் கணவாய்க் கறி வைத்தான். சச்சிதானந்தனுக்கு அவனை விட மனமில்லை. என்ன மரத்தில் கட்டின படகு, எஞ்சின் எத்தனை குதிரை, தண்ணீரை யார் அளந்து ஊற்றினது, வெள்ளி பார்த்துப் போனதா திசைகாட்டியா என்று சாப்பாட்டு மேசையில் கொப்பியோடு கேட்பார். முந்நூறு வருடத்துக்கு முந்திச் செத்தவர்களிடமே கேட்டுக்கொண்டிருந்த மனுசனுக்கு, உயிரோடு ஒருத்தன் கிடைத்துவிட்டான். யதுஷன் சோற்றைப் பிசைந்தபடி எல்லாவற்றுக்கும் பதில் சொல்வான். இந்த வீட்டில் இப்படிச் சிரித்துக் கதைத்து எவ்வளவு காலம் என்று அந்த நாட்களில் சந்திரகலா நினைத்திருக்கிறாள்.

பிறகு நவம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் டீவியில் அந்தப் படம் போனது. 'கடற்கொள்ளையர், அன்றும் இன்றும்' என்ற மாதிரி ஏதோ ஒரு பெயர். நிவேதிகாவும் வந்திருந்தாள். வாழைக்காய்ப் பொரியலும் தேத்தண்ணியும் கொண்டுவந்து வைத்துவிட்டு நாலு பேரும் ஒன்றாக இருந்து பார்த்தார்கள். சச்சிதானந்தன் இரண்டு தரம் வந்தார், இரண்டு தரமும் கை தட்டினார்கள். கடைசிப் பத்து நிமிடத்தில் படக்காரர் இன்றைய காலத்துக்கு வந்துவிட்டார்கள். ஹெலிகொப்டரிலிருந்து எடுத்த படம். சரிந்த படகு, தோடம்பழ நிறத்தில் மிதப்பு அங்கிகள், கையை ஆட்டுகிற ஆட்கள். கடலின் சட்டத்தை மதிக்காமல் நமது கரைக்குப் படகில் வருகிற இவர்கள் இன்றைய கடற்கொள்ளையர்களா என்று ஒரு குரல் கேட்டது. உடனே புத்தக அலுமாரி, மண்ணிறக் கோட், சச்சிதானந்தனின் முகம்.

"யெஸ். ஒரு விதத்தில் அப்படிச் சொல்லலாம்" என்றது முகம். தலையையும் ஆட்டியது.

அவ்வளவுதான். இசை போட்டு முடித்துவிட்டார்கள். அவ்வளவு ஆங்கிலம் யதுஷனுக்கு விளங்கும். பாதி குடித்த தேத்தண்ணியை மேசையில் வைத்தான். "நான் படுக்கப் போறன் பெரியம்மா" என்றான். பெரியப்பாவின் பக்கம் பார்க்கவில்லை. காலையில் பார்த்தால் பின்னறையில் போர்வை மடித்து வைத்திருந்தது. தன்னோடு படகில் வந்தவர்கள் ஐந்தாறு பேர் நகரத்துக்கு மேற்கே ட்ருகனினாவில் ஒரு வீட்டில் இருந்தார்கள், அங்கே போய்விட்டான். தமிழ் ரேடியோவில் இரண்டு கிழமை சச்சிதானந்தனைக் கிழித்தெடுத்தார்கள். அது போகட்டும். அந்த மடித்த போர்வைதான் இன்றைக்கும் அவள் கண்ணை விட்டுப் போகவில்லை.

சச்சிதானந்தன் என்ன செய்திருக்க வேண்டும்? காரை எடுத்துக்கொண்டு போய் அவன் முன்னால் நின்றிருக்க வேண்டும். செய்யவில்லை. சரித்திரக்காரர் அல்லவா! படம் எடுத்தவர்களுக்குப் பதினாலு பக்கத்தில் ஒரு முறைப்பாடு எழுதினார். தன் சொற்கள் பிரித்தெடுத்துத் திரித்து ஒட்டப்பட்டன என்று அடிக்குறிப்போடு எழுதினார். முப்பத்தேழு அடிக்குறிப்பு. அதன் கொப்பி ஒன்றை எக்ஸ்பிரஸ் போஸ்ட்டில் ட்ருகனினாவுக்கு அனுப்பினார். ஆவணம் சரியாகிவிட்டால் எல்லாம் சரியாகிவிடும் என்று நம்பினார். பதில் வரும் வரும் என்று தபால்பெட்டியைத் திறந்து திறந்து பார்த்தார். தை மாதம் வயிற்றுவலி என்று போனவரை ஸ்கான் எடுத்து வைத்துக்கொண்டார்கள்.

யதுஷன் ஆஸ்பத்திரிக்கு ஒருமுறைகூட வரவில்லை.

சந்திரகலா காலையிலிருந்து மூன்று தரம் அவனுக்குப் போன் எடுத்தாள். மணி அடித்து அடித்து நின்றது. "நிவே, என்னை ட்ருகனினாவுக்குக் கொண்டுபோய் விடு" என்றாள்.

"நவ்? அம்மா, அது ஒரு மணித்தியாலத்துக்கு மேலை."

"உடுப்பைக் குடுத்திட்டு அப்பிடியே போவம்."

கார் நகரத்தைத் தாண்டி வெஸ்ட்கேட் பாலத்தில் ஏறியபோது மழை தூறத் தொடங்கியது. கீழே துறைமுகத்தில் கொள்கலன்கள் அடுக்கடுக்காக இருந்தன. சந்திரகலா அதைப் பார்க்கவில்லை. மனத்தில் வேறு ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. மாசி மாதம் ஒருநாள், ஆஸ்பத்திரிக் கட்டிலில் ஜெலியைக் கரண்டியால் கிண்டிக்கொண்டு அவர் கேட்டார்: "அண்டைக்குப் படம் எடுக்கேக்கை நீர் குசினிக்கைதானே நிண்டனீர்?"

"ஓம்."

"நான் சொன்னது கேட்டதோ?"

"பிரிட்ஜ் சத்தத்திலை என்னத்தைக் கேக்கிறது?" என்றாள்.

பச்சைப் பொய். படம் எடுக்க வருகிறவர்கள் முதலில் நிறுத்தச் சொல்வதே பிரிட்ஜைத்தான், அதன் இரைச்சல் மைக்கில் விழும் என்று. அன்றைக்கும் அதை நிறுத்திய பிறகுதான் அவள் அங்கே நின்றாள். கரண்டியைக்கூட வைக்காமல் மூச்சைப் பிடித்துக்கொண்டு மூன்று மணித்தியாலம் குசினிக்குள் நின்றவள். ஒரு சொல் தப்பாமல் எல்லாம் கேட்டது. அது அவருக்கும் தெரியும். பதினொரு தரம் அந்தப் பிரிட்ஜின் பிளக்கைப் பிடுங்கியவரே அவர்தான்! ஜெலியைப் பாதியில் வைத்துவிட்டுச் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தார். அன்றைக்கு உண்மையைச் சொல்லியிருந்தால் அந்த மனுசன் தானே யதுவைக் கூப்பிட்டிருப்பாரோ என்ற எண்ணம் பாலம் முழுக்க அவளை அரித்தது.

ட்ருகனினாவில் மரமே இல்லை. புது வீடுகள், எல்லாம் ஒரே முகம். அதற்குப் பின்னால் கிடங்குகளின் நீளக் கூரைகள். இலக்கத்தைப் பார்த்துப் பார்த்து ஒரு வீட்டுக்கு முன்னால் நிறுத்தினார்கள். நிவேதிகாவுக்கு மண்டபத்திலிருந்து போன் வந்தது. "நீங்கள் போங்கோ அம்மா" என்று கையைக் காட்டினாள்.

கதவைத் திறந்தது யதுஷன்தான். வேலைக்குப் போகிற மஞ்சள் மேற்சட்டையோடு நின்றான். மெலிந்திருந்தான். தாடியும் மீசையும் அடர்ந்திருந்தன.

"பெரியம்மா..." என்றான். விலகி வழி விட்டான்.

ஹோலில் சாமான் என்று சொல்ல இரண்டு கதிரையும் ஒரு டீவியும். சுவரோரம் மெத்தைகள் நிமிர்த்தி வைத்திருந்தன. அவளைக் கதிரையில் இருத்திவிட்டு, கேட்காமலே தேத்தண்ணி போட்டுக் கொண்டுவந்தான். தனக்கும் ஒரு கிளாஸ் எடுத்துக்கொண்டு எதிரே நிலத்தில் இருந்தான்.

"கேள்விப்பட்டனான்" என்றான்.

"செவ்வாய்க்கிழமை விடிய அஞ்சு மணிக்கு. கஷ்டப்படேல்லை."

தலையாட்டினான். பிறகு எழுந்து உள்ளே போய் ஒரு பெரிய கடித உறையோடு வந்தான். பதினாலு பக்கம். உறையின் ஓரம் எண்ணெய் பட்டிருந்தது.

"இங்கை என்னோடை இருக்கிற தனுஜனைக் கொண்டு வாசிப்பிச்சனான். ரெண்டாம் பக்கத்தோடை அவன் நித்திரை."

சந்திரகலாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. செவ்வாய்க்கிழமைக்குப் பிறகு முதல் சிரிப்பு. அவனும் கொஞ்சம் சிரித்தான், உடனே முகத்தை இறுக்கிக்கொண்டான்.

"மேசையிலை வைச்சு அவ்வளவும் கேட்டாரே பெரியம்மா. எத்தினை நாள், எத்தினை பேர், தண்ணி எப்பிடியெண்டு. அதெல்லாம் டீவிக்குக் குடுக்கத்தான் எண்டு நினைச்சிட்டன்."

"ஐயோ இல்லையடா! அந்தப் படம் ஜூலையிலை எடுத்தது. நீ அப்ப தீவிலை."

சொன்ன பிறகுதான் சொன்னது என்னவென்று அவளுக்கு உறைத்தது. அவனுக்கும் உறைத்தது. கிளாஸைக் கீழே வைத்தான்.

"நான் தீவிலை இருக்கிறது தெரிஞ்சுகொண்டோ?"

வெளியே பாரவண்டி ஒன்று பின்னுக்கு வருகிற சத்தம் விட்டு விட்டுக் கேட்டது.

"பெரியம்மா, ஒண்டு கேக்கிறன். மறைக்காமல் சொல்லுங்கோ. அவர் அப்பிடிச் சொன்னவரோ? இல்லாட்டி இதிலை இருக்கிற மாதிரி அவங்கள் வெட்டி ஒட்டினதோ?"

வெட்டி ஒட்டினது என்று ஒரு சொல் சொன்னால் போதும். செத்த மனுசனுக்கும் மரியாதை, கொள்ளிக்கும் ஆள். வரதராஜாவுக்குப் போன் எடுத்துவிட்டு வீட்டுக்குப் போய்ப் படுக்கலாம். நாக்கின் நுனி வரைக்கும் வந்தது. ஆனால் மாசியில் சொன்ன பொய்யையே அவளால் இன்னும் இறக்கி வைக்க முடியவில்லை. இன்னொன்றையும் காவுவதற்கு உடம்பு இல்லை.

"சொன்னவர்" என்றாள்.

யதுஷன் கடித உறையை நிலத்தில் வைத்தான்.

"நான் குசினிக்கை நிண்டனான். எல்லாம் கேட்டது. ஆனால் கேளடா, அது முதல் மறுமொழி இல்லை. முதல்தரம் கேக்க, இல்லையெண்டு சொல்லி அரை மணித்தியாலம் விளங்கப்படுத்தினவர். கோட்டைக்குள்ளை இருக்கிறவன்தான் தண்ணியிலை நிக்கிறவனுக்குக் கள்ளன் எண்டு பேர் வைக்கிறது, அண்டைக்கும் அதுதான் இண்டைக்கும் அதுதான் எண்டு. வடிவாச் சொன்னவர். படம் எடுக்க வந்த பெடிச்சி, நல்லது புரொபெசர், ஆனால் கொஞ்சம் சுருக்கமா எண்டு திருப்பிக் கேட்டாள். ரெண்டாந்தரமும் இல்லையெண்டுதான் சொன்னவர். திருப்பியும் லைட்டைத் திருத்திப்போட்டுக் கேட்டாள். அவருக்கு முழங்கால் நோ, மூத்திரத்துக்கு வேறை போகோணும். அவள் சிரிச்சுச் சிரிச்சுக் கேக்கிறாள்..."

"எத்தினை தரம் கேட்டவை?"

"என்ன?"

"எத்தினை தரம் கேட்ட பிறகு ஓமெண்டவர்?"

"நாலாந்தரம்."

யதுஷன் கிளாஸின் விளிம்பில் விரலை ஓட்டிக்கொண்டிருந்தான். அவன் எழுந்து கதவைத் திறந்து விடுவான் என்று சந்திரகலா எதிர்பார்த்தாள். செருப்பு எங்கே விட்டேன் என்றுகூட ஒருமுறை பார்த்தாள்.

"என்னட்டை ஆறு தரம்" என்றான்.

அவளுக்கு விளங்கவில்லை.

"தீவிலை, இன்ரவியூவிலை. படகை நீ ஓட்டினனியோ எண்டு. நான் அந்தச் சுக்கானைத் தொட்டும் பாக்கேல்லை பெரியம்மா. பத்தொம்பது நாளும் சத்தி எடுத்துக்கொண்டு கிடந்தனான். இல்லை எண்டன். வேறை ஏதோ கேட்டுப்போட்டுத் திருப்பி அதையே கேக்கிறது. காலமை தொடங்கினது, பின்னேரமாப் போச்சு. அஞ்சு தரம் இல்லையெண்டன். ஆறாந்தரம் ஓமெண்டிட்டன்."

"ஏனடா அப்பிடிச் சொன்னனீ?"

"போய்ப் படுக்கோணும் போலை இருந்தது."

வெளியே பாரவண்டி நின்றுவிட்டது.

"அது இப்ப பைலிலை இருக்கு. லோயர் அதைத்தான் வைச்சுக்கொண்டு தலையிலை கை வைக்கிறார். அந்த ஒரு ஓமுக்காக, ஆள் கடத்தினவன் எண்டு திருப்பி அனுப்பினாலும் அனுப்புவாங்களாம். நிரஞ்சினிக்கு இன்னும் சொல்லேல்லை."

நிரஞ்சினி அவன் மனைவி. சந்திரகலா கையை நீட்டினாள், எட்டவில்லை. கதிரையிலிருந்து இறங்கி நிலத்தில் அவனுக்கு முன்னால் இருந்தாள். முழங்கால் இரண்டும் கடகடவென்றன. ஆறுதல் சொல்லிச் சொல்லியே ஐந்து மாதம் ஓடிவிட்டது, இப்போது கையிருப்பில் ஒன்றுமில்லை. அவனுடைய தேத்தண்ணி ஆறிப்போயிருந்தது. தன்னுடைய கிளாஸை அவன் பக்கம் தள்ளினாள், அவன் எடுத்துக் குடித்தான்.

"சனிக்கிழமை பத்து மணிக்கு" என்றாள். "ஸ்பிரிங்வேல் சுடலை ஹோலிலை. நீதான் கொள்ளி வைக்கோணும் எண்டு கேட்டவர். வற்புறுத்தக் கூடாதெண்டும் சொன்னவர்."

"சனிக்கிழமை ஷிப்ட் இருக்கு" என்றான் யதுஷன். கொஞ்சம் பொறுத்து, "பாப்பம் பெரியம்மா" என்றான்.

அவள் எழும்ப அவன் கை கொடுத்தான். வாசல் வரைக்கும் வந்தான். இன்னொரு தரம் கேட்டால் ஓம் என்று சொல்லிவிடுவான் என்று அவளுக்குத் தோன்றியது. அதனாலேயே கேட்கவில்லை.

"வாறாராமோ?" காரை எடுத்தபடி நிவேதிகா கேட்டாள்.

"பாப்பமாம்."

"திருப்பிக் கேட்டுப் பாத்திருக்கலாமே அம்மா!"

"பேசாமல் காரை ஓட்டு."

அன்று பின்னேரம் வரதராஜா கேட்டபோதும் அதையேதான் சொன்னாள்: பார்ப்போம். வெள்ளிக்கிழமை முழுவதும் போன் பேசாமல் கிடந்தது. இரண்டு தரம் கையில் எடுத்தாள், இரண்டு தரமும் திரும்ப வைத்தாள்.

சனிக்கிழமை சனம் அவள் நினைத்ததைவிடக் குறைவு, வரதராஜா பயந்ததைவிடக் கூட. பல்கலைக்கழகத்து வெள்ளைக்காரர் ஏழெட்டுப் பேர் கறுப்பு உடுப்போடு கடைசி வரிசையில் இருந்தார்கள். வெள்ளை வேட்டியில் சச்சிதானந்தன் சின்னதாகப் போயிருந்தார். அவருக்கு மேலே சுவர்த் திரையில் நிவேதிகா தொகுத்த படங்கள் ஓடின. ஐயரின் மந்திரத்துக்கு இடைஞ்சல் என்று சத்தத்தை நிறுத்தியிருந்தார்கள். பதினொரு படத்துச் சச்சிதானந்தனும் வாயைத் திறந்து திறந்து மூடினார். யாரும் அதைப் பார்க்கவில்லை. வாசலைத்தான் பார்த்தார்கள்.

பத்தேகால். பத்தரை. ஐயர் கும்பங்களை வைத்து முடித்துவிட்டுத் தர்ப்பையைக் கையில் வைத்துக்கொண்டு இருந்தார்.

"அக்கா, இனிப் பொறுக்கேலாது" என்று வரதராஜா குனிந்து சொன்னார். "சுண்ணம் இடிக்கோணும், வாய்க்கரிசி போடோணும். ஒண்டரைக்கு அடுத்த ஆக்கள் வாசலிலை நிப்பினம். பிள்ளையை இருத்துவம்."

நிவேதிகா எழுந்து செருப்பைக் கழற்றினாள். முகம் பஞ்சு மாதிரி வெளுத்திருந்தது. சந்திரகலா தலையாட்டினாள். மகள் வைத்தால் என்ன குறை? ஒரு குறையும் இல்லை. 'கேட்டனானப்பா. ஒருக்காக் கேட்டனான்' என்று பெட்டியைப் பார்த்து மனத்துக்குள் சொல்லிக்கொண்டாள்.

அப்போதுதான் கதவைத் தள்ளிக்கொண்டு அவன் வந்தான். இரண்டு ரயிலும் ஒரு பஸ்ஸும் மாறி வந்த களைப்பு. வேலைக்குப் போடுகிற சப்பாத்து, தோளில் ஒரு பொலித்தீன் பை, அதற்குள் வேட்டி. பாதிப் பேருக்கு ஆளை மட்டுக்கட்ட முடியவில்லை. யார் இது என்று கிசுகிசுத்தார்கள். சந்திரகலாவுக்கும் ஒரு கணம் யாரென்று பிடிபடவில்லை. பிறகு அவன் பக்கத்தில் வந்ததும் கண்டாள். முகத்தைச் சுத்தமாக வழித்திருந்தான். தாடி இல்லை, மீசையும் இல்லை. மீசை இருந்த இடம் மட்டும் வெளிறிப்போய், ஒரு பக்கத்தில் பிளேட் கீறின சிவப்புக் கோடு.

வரதராஜா ஐயரைப் பார்த்துக் கையைக் காட்டினார். ஐயர் ஒன்றும் கேட்காமல் பவித்திரத்தை எடுத்தார். நிவேதிகா நின்ற இடத்திலேயே முகத்தைப் பொத்திக்கொண்டு இருந்து ஓவென்று அழத் தொடங்கினாள்.

எல்லாம் ஒழுங்காக நடந்தது. சுண்ணம் இடித்தார்கள், திருப்பொற்சுண்ணம் பாடினார்கள். வாய்க்கரிசி போட்டார்கள். யதுஷன் சொன்னதைச் செய்தான், சொல்லாததைச் செய்யவில்லை. பெட்டியை மூடுகிற நேரம் மட்டும் குனிந்து பெரியப்பாவின் நெற்றியைத் தொட்டான். எரியூட்டும் இடத்துக்கு நெருங்கிய ஆட்கள் மட்டும் போகலாம் என்றார்கள். ஊரில் என்றால் பெண்கள் சுடலைக்குப் போவதில்லை. இங்கே யாரும் அதைக் கேட்பதில்லை. சந்திரகலா போனாள்.

சின்ன அறை. பெட்டியின் தலைமாட்டில் கற்பூரத்தை ஏற்றிக் கும்பிட்ட பிறகு, அங்கே வேலை செய்கிற வயதான வெள்ளைக்காரர் சுவரில் ஒரு பச்சைப் பொத்தானைக் காட்டினார். யதுஷன் கையை வேட்டியில் துடைத்தான். திரும்பி யாரையும் பார்க்கவில்லை. பொத்தானை அமத்தினான்.

பெட்டி மெதுவாக உள்ளே போனது. இரும்புக் கதவு இறங்கி மூடிக்கொண்டது. வரதராஜா கையைக் கூப்பிவிட்டு வெளியே நடந்தார். நிவேதிகாவைச் சினேகிதி ஒருத்தி அணைத்துக் கூட்டிக்கொண்டு போனாள்.

யதுஷன் பொத்தானிலிருந்து விரலை எடுக்கவில்லை. நகம் வெளுக்கும்படி அமத்தியபடியே நின்றான்.

"ஒருதரம் அமத்தினால் போதும்" என்று அந்த வெள்ளைக்காரர் தணிந்த குரலில் ஆங்கிலத்தில் சொன்னார்.

அவன் கேட்ட மாதிரி இல்லை. அவர் சந்திரகலாவைப் பார்த்தார். அவள் பரவாயில்லை என்று தலையசைத்தாள். அவர் சுவரோரம் போய்க் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். சந்திரகலா வந்து யதுஷனுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டாள்.